உருமாறியவர்களுக்கான டம்ளர்

ஒருவருடைய உடம்பு அவர் பேச்சைக் கேட்காமல் போகும் கதைகள் எனக்குப் பிடிக்கும். தோல் திறந்துகொள்ளும், எலும்பு இடம் மாறும், கை இருந்த இடத்தில் வேறொன்று முளைக்கும். ஜப்பானிய அனிமேக்களில் இதற்கென்றே ஒரு வகை உண்டு, பாடி ஹாரர் என்பார்கள். அண்ணன்தான் எனக்கு அதைப் பழக்கினான். அவன் சிங்கப்பூர் போவதற்கு முன்பு, மன்னார்குடிக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் வீட்டில், லேப்டாப்பை நடுவில் வைத்துத் தரையில் குப்புறப் படுத்துப் பார்ப்போம். அந்தப் பக்கம் போகிற அப்பா நின்று ஒரு பார்வை பார்ப்பார்.

“என்னடா கருமம் இது, கொடலு வெளிய கெடக்கு?”

“அது கொடல் இல்லப்பா. அவனோட ரெண்டாவது கை.”

“இதப் பாத்தா சோறு எறங்குமாடா?”

“எங்களுக்கு எறங்குது,” என்பான் அண்ணன், தட்டை வழித்தபடி.

எதையும் வகை பிரித்து வைத்தால்தான் எனக்கு நிம்மதி. அந்தத் தொடர்களையும் பிரித்து வைத்திருந்தேன். உள்ளே இருப்பது வெளியே வருகிற கதை ஒரு வகை. வெளியே இருப்பது உள்ளே நுழைகிற கதை இன்னொன்று. உடம்பும் இயந்திரமும் ஒட்டிக்கொள்வது மூன்றாவது. எந்த வகையாக இருந்தாலும் நடுவில் ஒரு கேள்வி வரும். இவன் இன்னும் மனிதன்தானா? ஊர் கூடிச் சோதித்துப் பார்க்கும். பெயர் ஞாபகம் இருக்கிறதா, கண்ணீர் வருகிறதா, கூப்பிட்டால் திரும்புகிறானா.

அதில் ஒரு தொடர் எனக்கு மறக்கவில்லை. கடற்கரை ஊர், மீன் வெட்டும் ஆலை. அங்கே வேலை பார்க்கும் ஒருத்தியின் முதுகில் மீனின் செவுள் போலச் சிவப்பாக ஒன்று திறந்துகொள்கிறது. அவள் முதலில் கண்ணாடியைத் தேடவில்லை, போர்வையைத் தேடினாள். ஊர் அவளை ஐஸ் அறையில் போட்டுப் பூட்டுகிறது. கடைசி பாகத்தில், கூட வேலை பார்த்த ஒருத்தி மட்டும் கதவைத் திறந்து உள்ளே போய், “வலிக்குதா?” என்று கேட்கிறாள். நான் அழுதேன். அண்ணன் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, “பாத்தியா, இதுல மான்ஸ்டர் யாருன்னு கடைசிலதான் தெரியுது,” என்றான்.

போன தை மாதம், அறுவடை நடக்கும் சமயத்தில், அம்மாவுக்கு வயிற்று வலி வந்தது. ஓமத் தண்ணி குடித்தாள். சூடு என்று விளக்கெண்ணெய் தடவினாள். தஞ்சாவூருக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தபோது குடல் முறுக்கிக்கொண்டு ஒரு பகுதி கறுத்தே போயிருந்தது. கெட்டுப்போன பகுதியை வெட்டி எடுத்துவிட்டு, சிறுகுடலின் நுனியை வயிற்றுத் தோல் வழியே வெளியே கொண்டுவந்து தைத்தார்கள். அதன்மேல் ஒரு பையை ஒட்டினார்கள். மலம் இனி அதில்தான் வரும். குடலைத் திரும்ப உள்ளே சேர்க்க முடியுமா என்பது பிறகுதான் தெரியும் என்றார்கள்.

அம்மா உயிரோடு இருப்பது அந்த அறுவை சிகிச்சையால்தான். அதை எங்கும் சொல்வேன். மீதியையும் சொல்லத்தான் வேண்டும்.

அம்மா சின்ன வயதிலிருந்து நடவுக்குப் போனவள். சேற்றில் குனிந்து நாள் முழுக்க நாற்று நட, புடவையை வரிந்து கட்ட வேண்டும். பாவாடை நாடாவை மூச்சுப் பிடித்து இறுக்க வேண்டும். அந்த நாடா அவள் இடுப்பைச் சுற்றிக் கறுப்பாக ஒரு தடம் போட்டுவிட்டது. எங்கள் தெருவில் அந்த வயதுப் பெண்கள் எல்லோருக்கும் அது உண்டு. முதல் முறை பையை மாற்றும்போது பக்கத்தில் நின்று பார்த்தேன். குடலின் வாய், கோவைப்பழம் மாதிரி சிவப்பாக, ஈரமாக, சரியாக அந்தக் கறுப்புத் தடத்தின் மேல் உட்கார்ந்திருந்தது.

நான் பயோமெடிக்கல் படித்தவள். ஆஸ்பத்திரிகளில் டயாலிசிஸ் இயந்திரங்களையும் மானிட்டர்களையும் பொருத்துவது, பழுது பார்ப்பது என் வேலை. ஒரு மானிட்டரைச் சுவரில் மாட்டுவதற்கு முன் நர்ஸ் எந்தப் பக்கம் நிற்பார், கதவு எப்படித் திறக்கும் என்று கேட்டுவிட்டுத்தான் துளை போடுவோம். அம்மாவின் வயிற்றில் துளை போட்டவர்கள், பாவாடை எங்கே கட்டுவீர்கள் என்று கேட்கவில்லை. கேட்க நேரம் இல்லையென்றால் பார்த்திருக்கலாம். தடம் அங்கேயேதான் இருந்தது.

வார்டுக்கு வந்த இளம் டாக்டரிடம் இதைச் சொன்னேன்.

“எமர்ஜென்சி மேடம். படுக்க வச்சுதான் மார்க் பண்ணோம்.”

“இவங்க இனிமே புடவை எப்படிக் கட்டுவாங்க?”

அவர் கேஸ் ஷீட்டிலிருந்து தலையை நிமிர்த்தவில்லை. “நைட்டி போட்டுக்கச் சொல்லுங்க.”

அம்மா அப்போது எதையும் கேட்கும் நிலையில் இல்லை. சாயங்காலம் கண் விழித்து, கையால் வயிற்றைத் தடவிப் பார்த்து, மெதுவாகச் சொன்னாள்: “பாப்பா, ஒரு துண்டு குடு. மூடிக்கறேன்.”

பதறிப்போய் விமானம் ஏறி வந்த அண்ணன், பையை மாற்றுகிற நேரம் வந்ததும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். திரையில் எத்தனை குடல் சரிந்தாலும் சோற்றைப் பிசைந்து சாப்பிட்டவன். “எனக்கு ஒரு மாதிரி இருக்கு பாப்பா,” என்றான். அம்மாவுக்கு எப்படி இருக்கிறது என்று அவன் கேட்கவில்லை.

அம்மா வீட்டுக்கு வந்தாள். நைட்டியிலேயே இருந்தாள். உளுந்து புடைத்தாள், சோறு வடித்தாள், மாட்டுக்குத் தண்ணி காட்டினாள். பையைத் தானே காலி செய்யவும் கழுவவும் கற்றுக்கொண்டாள். நான் வாரக் கடைசியில் தஞ்சாவூரிலிருந்து போவேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை, பாத்திரம் கழுவும்போது ஒரு சில்வர் டம்ளரின் வெளிப்பக்கம் சிவப்பாக ஒரு புள்ளியைப் பார்த்தேன். சுரண்டினால் போகவில்லை. என் நெயில் பாலிஷ். அதே போல ஒரு தட்டிலும் இருந்தது.

“இது என்னம்மா?”

“அது என்னோட டம்ளரு. அடையாளத்துக்கு.”

“யாரு வச்சது?”

“ஒங்க அத்தைதான். தப்பா எடுத்துக்காத. கிருமி கிருமின்னு நீயுந்தான சொல்லுவே.”

அத்தை என்றால் அப்பாவின் தங்கை. அடுத்த தெருவில் இருக்கிறாள், தினமும் வருவாள். எங்கள் வீட்டில் என்ன நடக்க வேண்டும் என்பதில் பாதியை அவள்தான் முடிவு செய்வாள்.

அந்தப் புள்ளி எனக்கு ஏன் நெருப்பாகச் சுட்டது என்று சொல்ல வேண்டும். நாங்கள் ஊரின் கிழக்குத் தெரு. தாத்தா காலம்வரை அடுத்தவர் நிலத்தில் கூலி வேலை. அப்பா படித்து, சம்பாதித்து, இரண்டு மா நிலம் வாங்கி, இன்று எங்கள் பெயரில் பட்டா இருக்கிறது. அப்பா வீட்டுக்கு வருகிற எல்லோரிடமும் ஒரு கதையைத் தவறாமல் சொல்வார். அவர் சிறுவனாக இருந்தபோது டீக்கடையில் எங்கள் தெருவுக்கு என்று தனி கிளாஸ். அடியில் பச்சைப் பெயிண்ட் தடவி, வெளியே கூரையில் செருகி வைத்திருப்பார்கள். டீயைக் குடித்துவிட்டு நாமே கழுவி அங்கேயே செருக வேண்டும். அதைச் சொல்லும்போது இன்றும் அப்பாவுக்குக் குரல் நடுங்கும். அதே அப்பா சிவப்புப் புள்ளி வைத்த டம்ளரை தினமும் பார்த்துக்கொண்டுதான் காபி குடித்திருக்கிறார்.

“அப்பா, இது என்னன்னு தெரியுதா ஒங்களுக்கு?” என்று டம்ளரை அவர் முன் வைத்தேன்.

“அவ ஏதோ பயத்துல பண்ணிட்டா, விடு.”

“கடைக்காரனும் பயத்துலதாம்பா பண்ணான்.”

அவர் எழுந்து வெளியே போனார்.

வைகாசியில், அண்ணன் லீவில் வந்தபோது, அவனுக்கு நிச்சயம் வைத்தார்கள். பெண் வீடு கும்பகோணம் பக்கம். மாப்பிள்ளையின் அம்மாவும் பெண்ணின் அம்மாவும் தாம்பூலத் தட்டை மாற்றிக்கொள்ள வேண்டும். பெண்ணுக்குப் பட்டுப்புடவை கொடுத்துப் பொட்டு வைப்பது நாத்தனார், அதாவது நான். அம்மாவின் நிச்சயத்தில் அவளுக்குப் புடவை கொடுத்தது இந்த அத்தைதான்.

அதற்கு முந்தின வாரம் அத்தை வந்து உட்கார்ந்தாள். “அண்ணே, தட்ட நான் எடுத்துக்கறேன். அண்ணி பாவம், முடியாதவங்க.”

“முடியாதவங்களா? நேத்து ஒரு மூட்டை உளுந்து பொடைச்சாங்க,” என்றேன்.

“ஏண்டி, எல்லாத்தையும் வெளிப்படையா சொல்லணுமா? இடுப்புல அத வச்சிக்கிட்டு மங்கலத் தட்டத் தொடலாமா? சம்பந்தி வூட்ல என்னா நெனைப்பாங்க?”

“எத வச்சிக்கிட்டு?”

“அதான்.”

“சொல்லுங்க அத்தை. எத?”

அத்தை அப்பாவைப் பார்த்தாள். அப்பா விசிறி மட்டையால் தரையில் கோடு போட்டுக்கொண்டிருந்தார். “பீய வச்சிக்கிட்டுதான்,” என்றாள் கடைசியில்.

“நீங்க மட்டும் ஒங்களோடத வூட்லயே வச்சிட்டா வருவீங்க?”

“பாத்தியாண்ணே, இவ பேசறத. படிக்க வச்சேல்ல, அனுபவி.”

அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். “விடு பாப்பா. அவங்க சொல்றதும் சரிதான். நான் பின்னாடி ஒக்காந்துக்கறேன்.”

அம்மா கத்தியிருந்தால் எனக்கு இவ்வளவு கோபம் வந்திருக்காது. நான் குரலை உயர்த்தவில்லை. எனக்குக் கோபம் வந்தால் குரல் தணியும், வரிசையாகத்தான் பேச வரும். “அப்ப மூணு வேலை இருக்கு. தட்ட அத்தை எடுக்கட்டும். புடவையையும் அத்தையே குடுக்கட்டும். மாப்பிள்ளையோட தங்கச்சி ஏன் வரலன்னு கேட்டா என்ன சொல்றதுன்னு அப்பா யோசிச்சு வைக்கட்டும். நான் அன்னிக்கு டூட்டிக்குப் போறேன்.”

கூடப்பிறந்த ஒரே தங்கை வராமல் நிச்சயம் நடந்தால் பெண் வீட்டில் ஆயிரம் கேட்பார்கள். அப்பாவுக்கு அது தெரியும். கோடு போடுவதை நிறுத்தினார். “ஒங்கம்மாவே எடுக்கட்டும்,” என்றார், யார் முகத்தையும் பார்க்காமல்.

ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். அம்மா அந்த வெற்றியை எப்படி எடுத்துக்கொள்வாள் என்று நான் யோசிக்கவில்லை.

நிச்சயத்தன்று காலையிலேயே வெயில் ஏறிவிட்டது. ஆற்றில் தண்ணீர் வராத மாதம், காற்றே இல்லை. வேன் வாசலில் நின்றது. பத்தரைக்குள் தட்டு மாற்ற வேண்டும். அம்மாவுக்குப் புதுப் பை ஒட்டலாம் என்று கதவைச் சாத்தினேன். பழைய பை தட்டையாக, உலர்ந்து கிடந்தது. சிறுகுடல் ஓயாமல் வேலை செய்யும். இப்படி இருக்கவே கூடாது.

“என்னம்மா சாப்டே?”

“சாப்டேன்.”

“எப்ப?”

அவள் உதடு வெடித்திருந்தது. கைத் தோலைக் கிள்ளிப் பார்த்தேன், மடிப்பு அப்படியே நின்றது.

“தண்ணியாவது குடிச்சியா?”

“முந்தாநாளு ராத்திரி கஞ்சி குடிச்சேன். போதும். இன்னிக்கு ஒரு நாளு சுத்தமா இருந்துட்டுப் போறேன் பாப்பா.”

சுத்தமாக. இந்தப் பெண்மணி வாழ்நாள் முழுக்கச் சேற்றில் நின்றவள். சோறு தின்கிற யாரும் அந்தச் சேற்றை அழுக்கு என்று சொன்னதில்லை. இப்போது ஒரு தட்டைத் தொடுவதற்காகத் தன் குடலைப் பட்டினி போட்டுக் காய வைத்திருக்கிறாள்.

நான் உப்புச் சர்க்கரைக் கரைசல் பாக்கெட்டை எடுக்கத் திரும்பினேன். அதற்குள் அவள் நைட்டியை எடுத்துவிட்டுப் பாவாடையைக் கட்டத் தொடங்கியிருந்தாள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு முதல் முறை. கைக்குப் பழக்கமான இடம், பழக்கமான இறுக்கம். நடவுக்குப் போகிற மாதிரி மூச்சைப் பிடித்து நாடாவை இழுத்து முடிச்சுப் போட்டாள். நிமிர்ந்தாள். முகம் வெளுத்தது. பீரோவைப் பிடிக்கப் போன கை நழுவி அப்படியே சரிந்து உட்கார்ந்தாள்.

முடிச்சு அவிழவில்லை. கத்தரிக்கோலால் நாடாவை வெட்டினேன். சத்தம் கேட்டு அத்தை பட்டுப்புடவையும் தலை நிறையப் பூவுமாக உள்ளே ஓடிவந்தாள். அண்ணன் கதவுக்கு வெளியே நின்று, “என்னாச்சு? என்னாச்சு?” என்று கேட்டான், உள்ளே வரவில்லை.

நான் கரைசலைக் கலந்து ஸ்பூன் ஸ்பூனாகக் கொடுத்தேன். விரல் நுனியில் மாட்டும் கருவி என் பையில் எப்போதும் இருக்கும், அதை மாட்டினேன். நாடித்துடிப்பு மிக வேகமாக ஓடிக்கொண்டிருந்தது, பிறகு மெதுவாக இறங்க ஆரம்பித்தது. அம்மா கண்ணைத் திறந்தாள். மூடிக்கொள்ளத் துண்டைத் தேடிக் கை நீண்டது. நான் கொடுக்கவில்லை.

இத்தனை மாதத்தில் அத்தை அந்தக் குடலின் வாயை, கண்ணாடி மாதிரியான பை வழியே, முதல் முறையாகப் பார்த்தாள். கண்ணை எடுக்கவில்லை.

“இது அசையுதுடி.”

“உசுரோட இருக்குல்ல. அசையும்.”

அத்தை குனிந்தாள். பட்டுப்புடவை கசங்கத் தரையில் உட்கார்ந்தாள். “வலிக்குமா அண்ணி?”

அம்மா அவளைப் பார்த்தாள். “இது வலிக்காது. கட்டுனாத்தான் வலிக்குது.”

அனிமேயில் அந்தக் கேள்வியைக் கேட்டவளுக்காக நான் அழுதிருக்கிறேன். அத்தைக்காக அழவில்லை. ஐஸ் அறைக்குப் பூட்டு போட்டதும் இவள்தானே. வேறொன்றும் அப்போதுதான் உறைத்தது. உருமாறியவள் மனுஷிதானா என்று ஒவ்வொரு தொடரிலும் ஊர் சோதித்துக்கொண்டே இருக்கும். சோதிக்கிற ஊரை யாரும் அப்படிச் சோதிப்பதில்லை. அம்மாவுக்குப் பெயர் ஞாபகம் இருந்தது, வெட்கம் இருந்தது, அதற்காகத் தண்ணீர்கூடக் குடிக்காமல் இருந்தாள். நாங்கள் எதில் தேறினோம்?

“இன்னிக்குப் போக வேணாம். அப்பாகிட்ட சொல்லி நிறுத்தறேன்,” என்றேன்.

“நான் தட்டு எடுப்பேன்,” என்றாள் அம்மா. அந்தக் குரல் நடவு வயலில் ஆட்களை வரிசையில் நிறுத்துகிற குரல். அதை நான் பல மாதங்களாகக் கேட்டிருக்கவில்லை.

சரி, அப்படியென்றால் நாடா போகிற இடத்தை மாற்ற வேண்டும். கீழே கட்டினால் நழுவும். மேலேதான். வாய்க்காலில் குளிக்கும்போது பெண்கள் பாவாடையை மார்புக்கு ஏற்றிக் கட்டுவார்களே, அது போல விலாவுக்கு மேலே கட்டிவிட்டால் வயிற்றில் ஒன்றும் அழுத்தாது. கொசுவத்தையும் அங்கேயே செருகி, முந்தானையைத் தளர்த்திப் போட்டால் மறைந்துவிடும். அந்தப் பாவாடையையே மேலே ஏற்றிப் பிடித்துப் பார்த்தேன். பாவாடை முழங்காலோடு நின்றது.

எங்கள் எல்லோரையும்விட அத்தை உயரம். பீரோக் கதவுக்குப் பின்னால் போனாள். புடவை சரசரத்தது. தன் பாவாடையைக் கழற்றி நீட்டினாள். “இத கட்டி வுடு. எறக்கம் சரியா வரும்.”

“ஒங்களுக்கு?”

“அந்த வெட்டுன பாவாடையக் குடு. ஊக்கு இருக்கா?”

வேனில் கும்பகோணம் வரை அத்தை இடுப்பை ஒரு கையால் பிடித்துக்கொண்டே வந்தாள். ஒவ்வொரு வேகத்தடைக்கும், “டிரைவர் தம்பி, பாத்து, ஊக்கு கழண்டுரும்,” என்றாள். அம்மா முன் சீட்டில் கரைசலை உறிஞ்சிக்கொண்டே சிரித்தாள். அம்மா சிரித்ததற்காக நான் அத்தையை மன்னித்துவிடவில்லை. பாவாடை ஒரு கணக்கு. டம்ளர் வேறு கணக்கு.

தட்டு மாற்றும்போது அம்மா நேராக நின்றாள். வெற்றிலை, பாக்கு, பழம், மஞ்சள், பூ எல்லாம் நிரம்பிய அந்தக் கனமான தட்டை இடுப்போடு சேர்த்துப் பிடித்திருந்தாள், பை இருந்த இடத்துக்கு நேர் மேலே. பெண்ணின் அம்மா வாங்கிக்கொண்டு, “மொகம் வாடியிருக்கே சம்பந்தி, மொதல்ல சாப்புட வாங்க,” என்றார். நான் பெண்ணுக்குப் புடவை கொடுத்துப் பொட்டு வைத்தேன். பந்தியில் அம்மா எல்லோருக்கும் நடுவில் உட்கார்ந்து, ரசம் சாதம்வரை நிதானமாகச் சாப்பிட்டாள். நடுவில் எழுந்துபோய்ப் பையைக் காலி செய்துவிட்டு, வந்து மோர் கேட்டாள்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் பாத்திர அலமாரியில் இருந்த எல்லா டம்ளர்களையும் எடுத்து வரிசையாகக் கவிழ்த்தேன். நெயில் பாலிஷ் பாட்டிலைத் திறந்தேன். அம்மாவின் டம்ளரில் இருந்த அதே இடத்தில், அதே அளவில், ஒவ்வொன்றிலும் ஒரு சிவப்புப் புள்ளி வைத்தேன். தட்டுகளுக்கும் வைத்தேன். அப்பாவின் பெரிய லோட்டாவைக்கூட விடவில்லை. காய்ந்ததும் எல்லாவற்றையும் கலந்து அடுக்கினேன்.

அத்தைதான் முதலில் தண்ணி கேட்டாள், பிறகு தானே எடுக்கப் போனாள். ஒரு டம்ளரை எடுத்துத் திருப்பிப் பார்த்தாள். வைத்துவிட்டு இன்னொன்றை எடுத்தாள். மூன்றாவதையும் பார்த்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“எல்லாத்துலயும் வச்சிருக்கியா?”

“ஆமா.”

“அப்ப அண்ணியோடது எது?”

“எனக்கும் தெரியாது அத்தை.”

அத்தை ஒன்றில் தண்ணீர் மொண்டு, உதடு படாமல் அண்ணாந்து ஊற்றிக் குடித்தாள். எனக்குத் தெரியும், எங்கள் வீட்டில் அவள் ஒரு நாளும் அண்ணாந்து குடித்ததில்லை.

அண்ணன் அதைப் பார்த்தான். அவனும் ஒன்றை எடுத்தான், புள்ளியைக் கட்டைவிரலால் தேய்த்தான், திரும்ப வைத்துவிட்டு பிரிட்ஜிலிருந்து பாட்டிலை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.

அப்பாவுக்குக் காபியை நான் கொண்டுபோய்க் கொடுத்தேன். லோட்டாவைத் தூக்கியதும் அவர் விரலில் புள்ளி தட்டுப்பட்டது. அதைப் பார்த்தார், பச்சைப் பெயிண்ட் கிளாஸைப் பற்றிச் சொல்லும்போது அவருக்கு வருகிற முகம் வந்தது. நான் நகரவில்லை. அவர் வாய் வைத்துக் குடித்தார். முழுவதும் குடித்தார்.

உள்ளே நைட்டிக்கு மாறிப் படுத்திருந்த அம்மா, காலியான நெயில் பாலிஷ் பாட்டிலை என் கையில் பார்த்துவிட்டு, “அவ்ளோத்தையும் கொட்டிட்டியாடி? கல்யாணத்துக்கு என்னாத்த பூசுவே?” என்றாள்.